கோலிக்குள் குத்தாலம்

தமிழ்நாட்டில் கோலி என்றால் கண்ணாடிக் குண்டு. தாராவியில் பிறந்த எங்களுக்குக் கோலி என்றால் குடியிருக்கும் இடம். மராத்தியில் அறைக்கு வழங்கும் சொல் அது. திருநெல்வேலிப் பக்கமிருந்து தோல் பதனிடும் வேலைக்கு வந்த எங்கள் தாத்தா தலைமுறை அதை எடுத்துத் தன் தமிழுக்குள் வைத்துக்கொண்டது. "கோலி வாடகை குடுத்தாச்சா?", "உங்க கோலிக்கு மேல மாடி ஏத்திட்டாவளா?" என்றுதான் எங்கள் சந்தில் பேச்சு. என் ஆச்சிக்கு வீடு வேறு, கோலி வேறு. வீடு ஊரில் இருந்தது. பூட்டிக் கிடந்தாலும், பின்சுவர் சரிந்திருந்தாலும், அதுதான் வீடு. ஐம்பது வருஷம் சமைத்து, பிள்ளை பெற்று, தாத்தாவைத் தூக்கிக் கொடுத்த பத்துக்குப் பன்னிரண்டு அடி இடத்தை அவள் ஒருநாளும் வீடு என்று சொல்லி நான் கேட்டதில்லை.

2009-ல் நாங்கள் நான்கு பேர் ஒரு தமிழ் ராக் பாட்டைப் பதிவு செய்தோம். ஆல்பம் போடக் காசு இல்லை. ஒரே பாட்டு, ஒரே குறுவட்டு. பாட்டின் பெயர் ‘கோலி’.

முதல் வரி ஆச்சியுடையது. அதற்கு முந்தைய வருஷம் ஜூலையில் ஒரு ராத்திரி, பத்ராவின் ஆணி ஓட்டைகள் எல்லாம் ஒரே நேரத்தில் ஒழுக ஆரம்பித்தன. தகரக் கூரைக்கு எங்கள் பக்கத்தில் பத்ரா என்று பெயர். மேலே போர்த்தியிருந்த நீல தாட்பத்ரியை, அதாவது தார்ப்பாயை, காற்று எங்கோ கொண்டுபோய்விட்டது. குக்கர், தூக்குவாளி, பிளாஸ்டிக் டப் என்று கையில் கிடைத்ததையெல்லாம் ஒழுகும் இடங்களில் வைத்துவிட்டு, ஆச்சி கால் நீட்டி உட்கார்ந்து, "கோலிக்குள்ள குத்தாலம் விழுது பாருலே" என்றாள். அதில் சலிப்பு இல்லை. கல்யாணத்துக்கு முன் ஒரே ஒரு தடவை பார்த்த அருவியை அன்றைக்கு அவள் மறுபடி பார்த்துக்கொண்டிருந்தாள். ஜூன் பிறந்தால் பம்பாயை நனைக்கும் அதே தென்மேற்குப் பருவக்காற்றுதான் குற்றாலத்திலும் சாரலாக விழுகிறது. அதை நான் பள்ளிக்கூடத்தில் படித்தேன். ஆச்சி படிக்காமலே சொல்லிவிட்டாள். விடிவதற்குள் அந்த வரியைச் சுற்றி நான்கு கண்ணிகள் எழுதிவிட்டேன்.

நான் பேஸ் கிட்டார் வாசிப்பேன். எங்கள் சந்து முழுக்க ஓடிக்கொண்டிருந்த இளையராஜா பாட்டுகளில் அடியில் போகும் அந்தக் கனத்த சத்தத்தைப் பிரித்துப் பிரித்துக் கேட்டுத்தான் கற்றுக்கொண்டேன். கிட்டார் வாசித்தவன் மாட்டுங்காவில் கிங்ஸ் சர்க்கிள் பக்கம். அவன் அம்மா வீட்டிலேயே வீணை சொல்லிக் கொடுத்தார். டிரம்ஸ்காரன் செம்பூர் கேம்ப். சின்ன வயதிலிருந்து சர்ச்சில் வாசித்தவன். பாடியவள் ஆன்டாப் ஹில். அப்பா அம்மா இருவரும் தமிழ், படித்ததோ இந்தி மீடியம். தமிழ் சரளமாகப் பேசுவாள், எழுத்து தெரியாது. நான் எழுதிக் கொடுத்த பாட்டை இந்தி எழுத்தில் நோட்டில் எழுதி வைத்துக்கொண்டுதான் பாடினாள்.

இதில் எனக்கு இன்றும் ஆச்சரியமான ஒரு விஷயம் உண்டு. தாராவியின் மூத்த குடிகள் கோலி மீனவர்கள். 1909-ஆம் வருஷத்துப் பம்பாய் கெசட்டியர் நகரத்தின் ஆறு பெரிய கோலிவாடாக்களில் ஒன்றாகத் தாராவியைச் சொல்கிறது. எங்கள் பக்கத்து ஜி.டி.பி. நகர் ஸ்டேஷனுக்கும் முன்பு கோலிவாடா என்றுதான் பெயர். குண்டு, மீனவர், அறை ஆகிய மூன்றையும் எங்கள் பக்கம் தமிழில் ஒரே மாதிரிதான் எழுதுவோம். மராத்தியில் அறைக்கான சொல் அழுத்தமான வேறொரு ககரத்தில் தொடங்குகிறது. அந்த ஓசைக்குத் தமிழில் எழுத்து இல்லை, இந்தியில் உண்டு. அதனால் நான் எழுதிய சொல் என் தாளில் மூன்றாகக் குழம்பி நின்றது. தமிழ் வாசிக்கத் தெரியாத அவளுடைய நோட்டில்தான் ஒற்றைப் பொருளோடு இருந்தது.

ஒத்திகைக்கு இடம் கொடுத்தவர் என் மாமா. தாராவியில் அவருக்குத் தோல் பை தைக்கும் பட்டறை. ராத்திரி ஒன்பதரைக்குத் தையல் மிஷின்கள் நின்றதும் நாங்கள் உள்ளே போவோம். சுவர் நெடுகத் தோல் சுருள்கள், ரெக்ஸின் கட்டுகள், தைத்து முடித்த பைகளின் மூட்டைகள். சொல்யூஷன் வாடை கண்ணைக் கரிக்கும். ஆனால் சத்தத்துக்கு அதைவிட நல்ல அறையை நான் பிறகு பார்த்ததில்லை. தோல் எதிரொலியைத் தின்றுவிடும். சிம்பலை எவ்வளவு ஓங்கி அடித்தாலும் காதைக் கிழிக்காது. பேஸ் மட்டும் தரை வழியாக உள்ளங்காலில் ஏறும். ஒரு வருஷம் அங்கே வாசித்தோம்.

நாங்கள் எந்த இசைக்கு ஆசைப்பட்டோம் என்பதையும் சொல்ல வேண்டும். தோபி தலாவ் ரங் பவனில் 1986 முதல் நடந்துவந்த இண்டிபெண்டன்ஸ் ராக் என் கல்லூரி நாட்களின் திருவிழா. அந்த இடம் அமைதி மண்டலம் என்றாகி, இந்தத் தலைமுறைக்கு ராக் சத்தமே இல்லாத இடமாகிவிட்டது. பென்டகிராம், ஜீரோ ஆகிய மும்பைக் குழுக்களைத் தேடித் தேடிக் கேட்டேன். மிக நன்றாக வாசித்தார்கள். எல்லாம் ஆங்கிலம். ராக் என்றால் ஆங்கிலத்தில்தான் வரும் என்று நானும் நம்பியிருந்தேன். அந்த நம்பிக்கையை உடைத்தது ஒரு மலையாளக் குழு. கேரளத்தின் ‘அவியல்’. அவர்களுடைய ‘நட நட’ பாட்டு எஸ்.எஸ். மியூசிக் சேனலில் வந்தபோது எங்கள் சந்தின் கேபிளில் பார்த்தேன். 2008-ல் அவர்களின் முதல் ஆல்பத்தை வெளியிட்டது எங்கள் மும்பையைச் சேர்ந்த ஃபேட் ஃபிஷ் நிறுவனம். நாட்டுப்புறப் பாட்டின் நடையில் மலையாளம், அதன் கீழே முழு பலத்தோடு கிட்டார். மொழி வழிவிட்டு ஒதுங்கவில்லை, கிட்டாரும் ஒதுங்கவில்லை. நானும் கிட்டார்காரனும் அந்தக் குறுவட்டை அவன் வீட்டு மொட்டைமாடியில் வைத்து மூன்று தடவை கேட்டோம். கீழே இறங்கும்போது, "நாம தமிழ்ல பண்ணலாம்டா" என்றான். அவ்வளவுதான் பேச்சு.

பிறகு 2009 வந்தது. ஜனவரியில் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ இந்தியாவில் வெளியானது, அடுத்த மாதம் 8 ஆஸ்கர். ரஹ்மான் அந்த மேடையில் தமிழில் ஒரு வாக்கியம் சொன்னபோது எங்கள் சந்தே கத்தியது. அந்தப் படத்தின் சேரியில் எனக்கு ஒரு தமிழ்க் குரலும் கேட்கவில்லை. ஆனாலும் அந்த வருஷம் முழுக்க, தாராவி என்று சொன்ன உடனே எதிரில் இருப்பவர் மனதில் ஒரு சத்தம் தயாராக இருந்தது. பாட்டைக் கேட்காமலே, "தகர டப்பா தட்டுற மாதிரி ஏதாவது வெச்சிருக்கீங்களா?" என்று கேட்டவர்கள் உண்டு. செம்பூரில் நாங்கள் பதிவு செய்த சின்ன ஸ்டூடியோவின் என்ஜினியர் நல்ல மனிதர். எங்கள் மேல் அக்கறையோடுதான் அவரும் கேட்டார்: டப்பா வேண்டாம் என்றால் பறையாவது சேர்க்கலாமே, தமிழ் வாசனை வரும் என்று. டிரம்ஸ்காரன் குச்சியை மடியில் வைத்துவிட்டுச் சொன்னான்: "அண்ணே, நான் பதினஞ்சு வருஷமா இந்தக் கிட்டை வாசிக்கறேன். எனக்குத் தெரிஞ்சது இதுதான்."

எங்கள் ஊரில் என் சொந்தக்காரர்கள் பறை அடிப்பவர்கள். அந்தக் கை எப்படி உருவாகிறது, அதற்கு என்னென்ன அவமானம் கூடவே வந்தது என்று எனக்குத் தெரியும். வாசனைக்குத் தூவுகிற கறிவேப்பிலையாக அதைப் பாட்டில் போட எனக்கு மனம் வரவில்லை. 2018 ஜனவரியில் சென்னையில் கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் இசைக்குழு மேடையேறியபோது பறையும் கானாவும் கிட்டாரும் சேர்ந்து ஒலித்ததைக் கேட்டு மெய்சிலிர்த்தேன். அங்கே பறைக்குச் சொல்ல ஒரு விஷயம் இருந்தது. எங்கள் பாட்டில் அப்படி இல்லை. எங்களுடையது மூன்று கருவியும் ஒரு குரலும் உள்ள பாட்டு. அதை அப்படியே செய்ய எங்களுக்கு உரிமை உண்டு என்று நினைத்தேன். இன்றும் நினைக்கிறேன்.

பதிவு நடந்தது ஆகஸ்டில். பன்றிக் காய்ச்சல் பயத்தில் மும்பையில் பள்ளிக்கூடங்களையும் சினிமா தியேட்டர்களையும் மூடியிருந்த வாரம். ஸ்டூடியோவில் விளம்பரப் பாட்டுக்கும் பக்திப் பாட்டுக்கும் வாங்கியிருந்த நேரங்கள் ரத்தாகிவிட, அரை வாடகைக்கு இரண்டு நாள் கிடைத்தது. மழையும் சரியில்லாத வருஷம் அது. ஏரிகள் நிறையவில்லை என்று மாநகராட்சி தண்ணீரைக் குறைத்திருந்தது. ஒழுகும் கூரையைப் பற்றிய பாட்டோடு, முகத்தில் கைக்குட்டை கட்டிக்கொண்டு, வறண்ட வானத்தின் கீழே ஜி.டி.பி. நகரிலிருந்து ஹார்பர் லைனில் செம்பூர் போனோம்.

முதல் நாள் டிரம்ஸும் பேஸும். ஸ்னேருக்கு ஒரு ஷூர் எஸ்.எம். 57, கிக்குக்குத் தனி மைக், மேலே இரண்டு. பேஸை நேராக மிக்ஸருக்குள் கொடுத்தோம். சிக்கல் கிளிக் ரூபத்தில் வந்தது. காதுக்குள் டிக் டிக் என்று ஒரு சத்தம் வேகத்தைப் பிடித்து வைத்திருக்கும்; அதோடு ஒட்டி வாசித்தால்தான் பின்னால் வெட்டி ஒட்ட வசதி. எங்கள் டிரம்ஸ்காரன் சர்ச்சில் வளர்ந்தவன். அங்கே சபை பாடுகிற மூச்சுதான் தாளம். ஜனங்கள் எழும்பினால் அவனும் எழும்புவான். ஒவ்வொரு தடவையும் பல்லவி வந்ததும் கிளிக்கைத் தாண்டிப் போய்விட்டான். 11 தடவை வாசித்தும் எல்லாம் செத்த வாசிப்பு. சாயங்காலம் ஐந்து மணிக்கு, "அதைக் கழட்டிடலாம்" என்று நான் சொன்னேன். ஏ.சி. இரைச்சலையும் நிறுத்தச் சொல்லிவிட்டு, வியர்த்து ஊற்ற, அவனும் நானும் முகத்தைப் பார்த்துக்கொண்டு வாசித்தோம். கிளிக் இல்லாமல் வாசித்த இரண்டாவது வாசிப்புதான் வெளியான பாட்டில் இருப்பது. தொடங்கும்போது நிமிஷத்துக்கு 92 அடி, முடியும்போது 97. கேட்பவர்களுக்கு அது வேகமாகத் தெரியவில்லை, மழை வலுப்பது மாதிரி தெரிந்தது.

கிட்டார்காரன் மறுநாள் மதியம் வரை தன் பகுதிகளை வாசித்தான். பல்லவிக்குப் பின் வரும் சின்னத் துண்டில் கம்பியை இழுத்து ஒரு சுரத்தை அசைப்பான். ராக்கில் கம்பியை வளைப்பது சாதாரணம். இவன் வளைத்ததில் அவன் அம்மாவின் வீணை இருந்தது. பிறகு வீட்டில் போட்டுக் காட்டியபோது அந்த அம்மா முழுப் பாட்டையும் கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, "கடைசி இழுப்புல காந்தாரம் ஒரு மயிரிழை கம்மி" என்றார்கள். பாட்டைப் பற்றி வேறொன்றும் சொல்லவில்லை. அவர்கள் உண்மையாகவே கேட்டார்கள் என்பதற்கு எனக்கு அதைவிட வேறு அத்தாட்சி தேவைப்படவில்லை.

பெரிய சண்டை மிக்ஸிங்கில். ஆல்டர்நேட்டிவ் ராக்கில் குரல் பெரும்பாலும் கிட்டாருக்குள் புதைந்து கிடக்கும். அமெரிக்காவின் ஆர்.இ.எம். குழு 1981-ல் ஒரு சின்ன கம்பெனியில் போட்ட முதல் தனிப்பாட்டில் வார்த்தைகளைப் பிடிப்பதே கஷ்டம். அந்த மங்கல்தான் அதன் அழகு. எனக்கு அப்படி வேண்டும். எங்கள் என்ஜினியருக்கோ சினிமாப் பாட்டின் பழக்கம். குரல் எல்லாவற்றுக்கும் முன்னால், பூமாலை போட்ட போட்டோ மாதிரி நிற்க வேண்டும். நான் இறக்கச் சொல்ல, அவர் ஏற்ற, ஒரு மணி நேரம் போனது. பாடியவள்தான் நிறுத்தினாள். "இந்த ஒரு வார்த்தைக்காக ஊர் முழுக்க சண்டை போட்டே. இப்ப அது யாருக்கும் கேக்கக் கூடாதுங்கறியா?"

அவள் சொன்ன சண்டை உண்மை. எழுதிய நாள் முதல் ‘கோலி’யை மாற்றச் சொல்லாதவர்கள் குறைவு. சென்னையிலிருந்த ஒரு நண்பர், கோலி குண்டுக்குள் அருவி எப்படி விழும் என்று கேட்டார். தாராவியில் எனக்குத் தமிழ் சொல்லித்தந்த வாத்தியாரிடம் காட்டினேன். நான் மிக மதிக்கும் மனிதர். நிதானமாகப் படித்துவிட்டு, "‘குடிசைக்குள்ள குத்தாலம்’னு வையேன். மோனையும் கெடாது, எல்லாருக்கும் புரியும்" என்றார். மோனை என்னவோ கெடவில்லைதான். நான் இரண்டு நாள் யோசித்தேன். ஆச்சியின் கோலிக்குச் செங்கல் சுவர் இருந்தது, மின்சார மீட்டர் இருந்தது, நிலைவாசலில் மஞ்சள் இருந்தது. அதைக் குடிசை என்று அவள் சொன்னதே இல்லை. நான் சொன்னால், தூரத்திலிருந்து எங்களைப் பார்ப்பவர்களின் சொல்லை ஆச்சி வாயில் திணித்ததாகும். வீடு என்றும் வைக்க முடியாது. அவளுக்கு வீடு ஊரில் இருக்கிறது. வாத்தியாரிடம் போய் இதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்போ கோலியே இருக்கட்டும்" என்றார்.

அதனால் பாடியவள் கேட்டது சரி. கடைசியில் ஒரு வழி செய்தோம். சரணங்களில் குரல் கிட்டாருக்குள்ளேயே இருக்கட்டும். அந்த ஒரு வரி வரும்போது மட்டும் எல்லாக் கருவிகளும் நின்றுவிடும். இரண்டு அடி நேரம் மௌனம், அதில் ‘கோலிக்குள்ள குத்தாலம்’ தனியாக, பிறகு எல்லாம் மொத்தமாக இறங்கும். இந்தி எழுத்தில் எழுதிப் படித்தவள் என்பதால் அந்த முதல் எழுத்தை அழுத்தி, மூச்சோடு, மராத்திக்காரர்கள் சொல்வது போலச் சொன்னாள். தாராவிக்காரன் எவனும் அதைக் குண்டு என்று நினைக்க மாட்டான். பாட்டிலேயே நல்ல இடம் அதுதான். தனியாக நான் யோசித்திருந்தால் வந்திருக்காது.

குறுவட்டுகளைக் கம்ப்யூட்டரில் நாங்களே எழுதினோம். மொத்தம் 150. இரண்டாவது தடத்தில் பட்டறையில் செல்போனில் பிடித்த ஓர் ஒத்திகையைப் போட்டோம். அட்டை அடிக்கப் பணமில்லை என்றதும் மாமா, பை தைத்து மிச்சமான தோல் துண்டுகளில் உறை தைத்துத் தந்தார். நிறம் ஒன்றுபோல் இல்லை. பழுப்பு, கறுப்பு, சிலது இரண்டு துண்டு சேர்த்துத் தைத்தது. விலை 40 ரூபாய். மைஸ்பேஸிலும் ஏற்றினோம். வாசிக்க இடம் தேடிப் போனபோது ஒரு பப்பில், தமிழ்ப் பாட்டுக்குக் கூட்டம் வராது, ஆங்கிலத்தில் தெரிந்த பாட்டுகள் இருந்தால் வாருங்கள் என்றார்கள். திரும்பி வந்தோம்.

பாட்டு வெளியானது 2010 ஜனவரி 14, பொங்கலன்று, 90 அடி ரோட்டில். அன்றைக்கு ரோட்டோரம் நெடுகச் செங்கல் அடுப்பு வைத்துப் பெண்கள் பொங்கல் விடுவார்கள். எங்கள் பானை எப்போதும் பக்கத்துக் கும்பார்வாடாவின் குஜராத்திக் குயவர்களிடம் வாங்கியது. மைக் செட் போட்டிருந்த அண்ணாச்சியிடம் போய், ஒரே ஒரு தடவை போடுங்கள் என்று குறுவட்டை நீட்டினேன். "யார் படம்?" என்றார். படமில்லை, நாங்களே பாடியது என்றேன். உறையைத் திருப்பித் திருப்பித் தடவிப் பார்த்தார். ‘வேட்டைக்காரன்’ பாட்டு முடிந்ததும் போட்டார்.

குழாய் ஸ்பீக்கரில் அடிச்சத்தம் வராது. நான் அத்தனை நாள் வாசித்த பேஸ் ஒரு துளிகூடக் கேட்கவில்லை. கிட்டார் தகரத்தைச் சுரண்டுவது போல இருந்தது. எனக்கு நெஞ்சு அடைத்தது. பிறகு எல்லாம் நின்றது. அந்த இரண்டு அடி மௌனத்தில் ரோட்டின் சத்தம் முழுக்கக் கேட்டது, பஸ் ஹாரன், விறகு வெடிப்பது, குழந்தை அழுகை. அதன்மேல் அவள் குரல் மட்டும், கோலிக்குள்ள குத்தாலம். அகப்பையோடு குனிந்திருந்த ஓர் அம்மா நிமிர்ந்தார். "கோலிக்குள்ள குத்தாலமா!" என்று பக்கத்து அடுப்புக்காரியின் தோளில் தட்டிச் சிரித்தார். அந்தச் சிரிப்பு அடுப்பு அடுப்பாகப் போனது. யாரும் யாரிடமும் அர்த்தம் கேட்கவில்லை.

மறுநாள் சூரிய கிரகணம். தெற்கே தனுஷ்கோடியில் வளையமாகத் தெரிந்த கிரகணம். ஊரிலிருந்து போன் செய்த சித்தப்பா கிரகணத்தைப் பற்றிப் பேசிவிட்டு, "உன் பாட்டை உன் மச்சான் போன்ல அனுப்பினான்" என்றார். ஒரே நாளில் எப்படி என்று விசாரித்தேன். மைக் செட் அண்ணாச்சியின் மகன் மொபைல் கடையில் வேலை செய்பவன். மெமரி கார்டில் சினிமாப் பாட்டு ஏற்றித் தரும் கடை. குறுவட்டிலிருந்து எடுத்து, புதுப் பாட்டுகளின் ஃபோல்டரில் போட்டுவிட்டிருக்கிறான். எங்கள் பெயரோ பாட்டின் பெயரோ இல்லை. ‘தாராவி தமிழ் நியூ’ என்று கோப்புக்குப் பெயர். அந்த வருஷம் அந்தக் கடையில் கார்டு நிரப்பிக்கொண்ட எத்தனை பேருடைய போனில் அது போனதோ. மைஸ்பேஸில் 300 பேர்கூடக் கேட்கவில்லை.

பிறகு நாங்கள் சேர்ந்து வாசித்தது குறைவு. டிரம்ஸ்காரன் துபாய் போனான், பாடியவளுக்குக் கல்யாணம் புனேயில். தாராவிப் பையன்களின் டோபடெலிக்ஸ் குழு 2018-ல் ‘காலா’ படப் பாட்டில் எங்கள் தெருத் தமிழைத் தாளத்தில் வைத்து வீசியபோது, விசில் அடித்தவர்களில் நானும் ஒருவன்.

2011 பொங்கலுக்கு ஒரு வாரம் முன்னால் மைக் செட் அண்ணாச்சி போன் செய்தார். "தம்பி, அந்தக் கோலி பாட்டு சி.டி. கீறிப் போச்சு. கேக்கறாவ. இன்னொண்ணு கொண்டு வாங்க." என்னிடம் ஒன்றுகூட இல்லை. மிச்சம் இருந்தது ஆச்சியிடம் கொடுத்தது மட்டும். கேட்டேன். தகரப் பெட்டியைத் திறந்து, சேலைகளுக்கு அடியிலிருந்து எடுத்து, வட்டை மட்டும் உருவி என் கையில் கொடுத்தாள். உறையைத் தரவில்லை. ரேஷன் கார்டையும் ஊர் வீட்டுத் தீர்வை ரசீதையும் ஒன்றாக மடித்து அதற்குள் செருகி, பெட்டியைப் பூட்டினாள்.